டிஎஸ்பிக்கு எந்தப் புத்தகம்? ஒரே கணக்கும் ஐந்தாறு புத்தகங்களும்

அக்கா மகள் ஈசிஈ, அதாவது எலெக்ட்ரானிக்ஸ் அண்ட் கம்யூனிகேஷன் இன்ஜினியரிங், இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். போன மாதம் ஒரு ராத்திரி பத்தரை மணிக்கு வாட்ஸ்அப்பில் கேட்டாள்: "மாமா, டிஎஸ்பிக்கு ஒரே ஒரு புக்தான் வாங்க முடியும்னா எதை வாங்கட்டும்?" டிஎஸ்பி என்றால் டிஜிட்டல் சிக்னல் ப்ராசசிங்; ஒலி மாதிரியான சிக்னலை எண்களாக்கிக் கணக்குப் போடும் பாடம். கூடவே ஐந்து அட்டைப் படங்கள். ஒன்று சீனியர் சொன்னது, ஒன்று வகுப்பு மேடம் சொன்னது, ஒன்று பாடத்திட்டத்தின் கடைசிப் பக்கத்தில் அச்சடித்திருந்தது. மிச்சம் இரண்டும் இணையத்தில் தேடியபோது வந்து நின்றவை.

உடனே ஒரு பெயரைச் சொல்லி முடித்திருக்கலாம். ஆனால் இந்தப் பாடத்தில் நானே சூடு கண்டவன். மூன்றாம் ஆண்டில் டியூஷன் எடுத்துச் சேர்த்த காசில் ஒரு தடிமனான புத்தகம் வாங்கி, நாற்பது பக்கம் தாண்டாமல் அலமாரியில் வைத்தேன். நூலகப் புத்தகத்தின் ஜெராக்ஸில் படித்துத்தான் பாஸ் செய்தேன். அந்தத் தடிப் புத்தகத்தை மறுபடி திறந்தது வேலைக்குப் போய் நாலு வருஷம் கழித்து. அந்தக் கதை பிறகு வரும்.

அதனால் இந்த முறை ஒரு வேலை செய்தேன். கைக்குக் கிடைத்ததையெல்லாம் மேசையில் பரப்பி, ஒரே கணக்கை ஒவ்வொன்றிலும் தேடினேன். 2, 1, 2, 1 என்று ஒரு வரிசை. 1, 2, 3, 4 என்று இன்னொன்று. இரண்டுக்கும் சர்க்குலர் கன்வல்யூஷன் கண்டுபிடி. (ஒரு வரிசையைத் திருப்பி, இன்னொன்றின் மேல் படிப்படியாக நகர்த்தி, பெருக்கிக் கூட்டுவது கன்வல்யூஷன்.) விடை 14, 16, 14, 16. டிஎஸ்பி தேர்வு எழுதியவர்கள் பலருக்கும் இந்த நான்கு எண்கள் பழகிய முகம். விடை எல்லாருக்கும் வரும். அது ஏன் வருகிறது என்று எந்தப் புத்தகம் சொல்கிறது என்பதுதான் என் கேள்வி.

முதலில் நம்மூர் புத்தகங்கள். அண்ணா பல்கலைக்கழகப் பாடத்திட்டத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, யூனிட் யூனிட்டாகப் பிரித்து, கடைசியில் இரண்டு மார்க் கேள்வி பதிலோடு வருகிறவை. இவற்றை இளக்காரமாகப் பேசுவது ஒரு நாகரிகமாகிவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. கேள்வித்தாளைப் பாருங்கள்: இரண்டு மார்க் பத்து, பதின்மூன்று மார்க் ஐந்து, பதினைந்து மார்க் ஒன்று. மூன்று மணி நேரம். எட்டுப் புள்ளி எஃப்எஃப்டி (சிக்னலை அதிர்வெண்களாகப் பிரித்துக் காட்டும் டிஎஃப்டி கணக்கின் வேகமான வழி) வந்தால் பட்டர்ஃப்ளை படத்தை மூன்று கட்டமாகப் போட்டு, 0.707 எங்கே வரும், மைனஸ் எங்கே வரும் என்று தடுமாறாமல் எழுத வேண்டும். அந்தக் கைப்பழக்கத்துக்கு இவற்றை அடிக்க ஆள் இல்லை. ஒரு வரிகூடத் தாண்டாமல் கணக்குப் போட்டுக் காட்டும். வெளிநாட்டுப் புத்தகம் 'இதிலிருந்து எளிதில் காணலாம்' என்று கடந்துபோகிற இடத்தில் இது அரைப் பக்கம் செலவழிக்கும்.

நம் கணக்குக்கு அங்கே மேட்ரிக்ஸ் முறை இருந்தது. ஒரு வரிசையைச் சுழற்றிச் சுழற்றி நாலுக்கு நாலாக நிரப்பு, இன்னொன்றை நெடுக்காக வை, பெருக்கு. விடை வந்துவிட்டது. எதற்குச் சுழற்றினோம்? அதற்கு ஒரு வரி இல்லை. இன்னொரு குறை, அச்சுப் பிழை. நான் புரட்டிய ஒன்றில் அனலாக் ஃபில்டரை டிஜிட்டலாக மாற்றும் பைலீனியர் டிரான்ஸ்ஃபர்மேஷன் கணக்கின் நடுவில் ஒரு குறி மாறி, அடுத்த வரியில் தானாகச் சரியாகியிருந்தது. புரிந்து படிப்பவன் சிரித்துவிட்டுப் போவான். மனப்பாடம் செய்பவன் அந்தப் பிழையையும் சேர்த்து விடைத்தாளில் எழுதுவான்.

அடுத்தது ப்ரோக்கிஸ், மனோலாகிஸ் இருவரும் எழுதியது. நான்காம் பதிப்பு, ஆயிரம் பக்கத்துக்கு மேல். நம் 14, 16, 14, 16-இன் பிறந்த வீடு இதுதான். ஏழாம் அத்தியாயத்தில் இதே எண்களோடு உதாரணமாக வருகிறது. நம்மூர் புத்தகங்களுக்கும் கேள்வித்தாள்களுக்கும் இங்கிருந்துதான் வந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம். இங்கே வட்டம் போட்டுக் காட்டுகிறார்கள். ஒரு வரிசையை வட்டத்தில் நான்கு இடத்தில் வை, இன்னொன்றைத் திருப்பி இன்னொரு வட்டத்தில் வை, எதிரெதிரே இருப்பதைப் பெருக்கிக் கூட்டு, ஒரு படி சுழற்று, மறுபடி கூட்டு. 'சர்க்குலர்' என்ற பெயர் எங்கிருந்து வந்தது என்று கண்ணால் பார்த்துவிடலாம்.

இதன் பெரிய பலம், பொறுமையாகச் செய்துகாட்டிய உதாரணங்கள். டிஎஃப்டி, எஃப்எஃப்டி, ஃபில்டர் ஸ்ட்ரக்சர், ஃபில்டர் டிசைன் என்று அடுத்தடுத்து வருகிற வரிசை நம் பாடத்திட்டத்தோடு ஏறக்குறைய ஒத்துப்போகும். மல்டிரேட், அடாப்டிவ் ஃபில்டர் என்று பின்னால் வருகிறவை பிராஜெக்ட் நேரத்தில் உதவும். நடை கொஞ்சம் வறண்டது. சமையல் குறிப்பு எழுதுகிற மாதிரி வரிசையாகச் சொல்லிக்கொண்டே போவார்கள். நடுவில் ஒரு மூச்சு விட்டு 'இதை ஏன் செய்கிறோம் என்றால்' என்று பேச்சுக் கொடுப்பது குறைவு.

சரி, நான் வாங்கி மூடி வைத்த புத்தகத்துக்கு வருகிறேன். ஆப்பன்ஹைம், ஷேஃபர். இதில் முதலில் ஒரு பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிட வேண்டும். அதே இரண்டு பேர் 1975-இல் எழுதியதன் பெயர் 'டிஜிட்டல் சிக்னல் ப்ராசசிங்'. 1989-இல் புதிதாக எழுதியதன் பெயர் 'டிஸ்க்ரீட்-டைம் சிக்னல் ப்ராசசிங்'. இரண்டுக்கும் இந்தியப் பதிப்பு உண்டு, இரண்டும் பழைய புத்தகக் கடைகளில் அருகருகே கிடக்கும். ஆசிரியர் பெயரை மட்டும் பார்த்து எடுத்தால் எது கையில் வரும் என்பது அதிர்ஷ்டம். பழையதில் உள்ள கணிதம் பழசாகிவிடவில்லை என்றாலும் மாணவருக்கு வேண்டியது இரண்டாவது. அதன் மூன்றாம் பதிப்பு இருந்தால் நல்லது. 1999-இல் வந்த இரண்டாம் பதிப்பும் செமஸ்டருக்குத் தாராளமாகப் போதும்.

இதில் டிஎஃப்டி எட்டாம் அத்தியாயத்தில்தான் வருகிறது. நம் பாடத்திட்டத்தின் முதல் யூனிட்டே டிஎஃப்டி! அங்கேதான் மாணவர்களுக்கு முதல் அடி விழுகிறது. எட்டாம் அத்தியாயத்தைத் திறந்தால், நாலாம் அத்தியாயத்தில் சாம்ப்ளிங் (ஓடுகிற சிக்னலிலிருந்து சீரான இடைவெளியில் மதிப்பு எடுப்பது) பற்றிச் சொன்னது தெரிந்திருக்கும் என்ற நம்பிக்கையில் எழுதியிருப்பார்கள். தெரியாதவனுக்கு அது பாதியில் நுழைந்த சினிமா.

ஆனால் நம் கணக்குக்கு வாருங்கள். அவர்கள் சொல்வது இது: சர்க்குலர் கன்வல்யூஷன் என்று தனியாக எதுவும் இல்லை, சாதாரண லீனியர் கன்வல்யூஷன்தான், இடம் போதாமல் மடிந்து விழுந்திருக்கிறது. காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். நம் இரண்டு வரிசைகளின் லீனியர் கன்வல்யூஷன் 2, 5, 10, 16, 12, 11, 4. மொத்தம் ஏழு எண்கள். நமக்கு இருப்பதோ நான்கு இருக்கைகள். ஐந்தாவதாக வந்த 12 போய் முதல் இருக்கையில் 2-இன் மடியில் உட்காருகிறது: 14. அடுத்த 11, 5-இன் மடியில்: 16. கடைசி 4, 10-இன் மடியில்: 14. நான்காவது இருக்கையில் 16 தனியாக. 14, 16, 14, 16. சாம்ப்ளிங்கில் அதிக அதிர்வெண் மடிந்து குறைந்த அதிர்வெண்ணாக வேஷம் போடுகிறதே, அதே அலையஸிங். இங்கே அது காலத்தில் நடக்கிறது.

இது புரிந்த பிறகு, 'லீனியர் கன்வல்யூஷனை டிஎஃப்டி வைத்துக் கண்டுபிடிக்க எத்தனை பூஜ்யம் சேர்க்க வேண்டும்' என்ற இரண்டு மார்க் கேள்விக்குச் சூத்திரம் தேவையில்லை. ஏழு பேருக்கு ஏழு இருக்கை, அவ்வளவுதான். நீளமான சிக்னலைத் துண்டு துண்டாக்கிக் கன்வல்யூஷன் செய்கிற ஓவர்லேப்-ஆட், ஓவர்லேப்-சேவ் இரண்டும்கூட மிச்ச ஆட்களை எங்கே உட்காரவைப்பது என்ற பிரச்சினைதான்.

வேலைக்குப் போன பிறகு திறந்தேன் என்றேனே, அது இப்படி. ஒரு ஆடியோ கருவிக்கு நான் எழுதிய ஐஐஆர் ஃபில்டர் (தன் பழைய விடையையே மறுபடி கணக்கில் சேர்த்துக்கொள்ளும் வகை), கணினியில் ஓட்டிப் பார்த்தபோது அருமையாக வேலை செய்தது. முழு எண்களில் கணக்குப் போடும் சின்ன சிப்பில் ஏற்றியதும், உள்ளே வருகிற சிக்னலை நிறுத்திய பிறகும் மெல்லிய ஓசை வந்துகொண்டே இருந்தது. இரண்டு நாள் வயரிங்கைச் சந்தேகப்பட்டேன். மூன்றாம் நாள் ஆறாம் அத்தியாயத்தின் கடைசியில் பதில் கிடைத்தது: லிமிட் சைக்கிள்.

நீங்களே போட்டுப் பாருங்கள். ஒரு எண்ணை ஒவ்வொரு முறையும் மைனஸ் 0.9-ஆல் பெருக்கி, அருகிலுள்ள முழு எண்ணுக்கு மாற்றுங்கள். சரிபாதி வந்தால் பூஜ்யத்தை விட்டு விலகும் பக்கம். 10-இல் தொடங்கினால் மைனஸ் 9, 8, மைனஸ் 7, 6, மைனஸ் 5. அடுத்தது 4.5, அது 5 ஆகிவிடும். அதற்கடுத்து மைனஸ் 4.5, அது மைனஸ் 5. இனி 5, மைனஸ் 5, 5, மைனஸ் 5 என்று யுகம் முழுக்க ஆடிக்கொண்டிருக்கும். பூஜ்யத்துக்கு வரவே வராது. என் காதில் விழுந்தது இதன் கொஞ்சம் சிக்கலான வடிவம். இதே விஷயம் நம்மூர் புத்தகத்தில் 'டெட் பேண்ட்' என்ற தலைப்பில், பாதியை ஒன்று கழித்தல் ஆல்ஃபாவால் (பெருக்கும் எண், மைனஸ் குறி இல்லாமல்) வகுக்கவும் என்ற சூத்திரமாக இருக்கிறது. 0.5-ஐ 0.1-ஆல் வகுத்தால் 5, சரிதான். நான்கூட அதைத் தேர்வில் எழுதி மார்க் வாங்கியவன். ஆனால் ஓசை கேட்டபோது அந்தச் சூத்திரம் நினைவுக்கு வரவில்லை.

அதற்காக ஆப்பன்ஹைமைத்தான் வாங்கு என்று அவளிடம் சொல்லவில்லை. அத்தியாய முடிவில் உள்ள கணக்குகள் முரடு. முதல் முறை பாடம் படிக்கிறவர், பக்கத்தில் கைபிடிக்க ஆள் இல்லாமல் தொடங்கினால் என்னைப் போல நாற்பதாம் பக்கத்தில் நிற்பார். கேட் தேர்வு எழுதப்போகிறவர், எம்டெக் கனவு உள்ளவர் என்றால் கதை வேறு. அங்கே ஃபில்டர் டிசைன் பக்கம் பக்கமாகப் போடத் தேவையில்லை. சாம்ப்ளிங், டிஎஃப்டி, இசட் டிரான்ஸ்ஃபார்ம் இவற்றில் வளைத்து வளைத்துக் கேட்பார்கள். அதற்கு இதன் முதல் ஐந்து அத்தியாயமும் எட்டாவதும் போதும்.

கைபிடிக்க ஆள் வேண்டும் என்றேன். அந்த ஆள் ரிச்சர்ட் லயன்ஸ். 'அண்டர்ஸ்டாண்டிங் டிஜிட்டல் சிக்னல் ப்ராசசிங்', மூன்றாம் பதிப்பு 2010-இல் வந்தது. நான் பார்த்தவற்றில் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து பேசுவது போல எழுதியது இது. டிஎஃப்டி அத்தியாயத்தில் முதல் உதாரணமே 1000 ஹெர்ட்ஸ் சைன் ஒன்று, அதில் பாதி உயரத்தில் 2000 ஹெர்ட்ஸ் சைன் இன்னொன்று. இரண்டையும் கூட்டி, நொடிக்கு 8000 முறை சாம்ப்பிள் எடுத்து, எட்டே எட்டுப் புள்ளிகள். அந்த எட்டையும் ஒவ்வொரு அதிர்வெண்ணோடும் கையால் பெருக்கிக் கூட்டிக் காட்டுவார். முதல் பெட்டியில் 4, இரண்டாவதில் 2, மற்றவை பூஜ்யம், கண்ணாடிப் பிம்பம் போல மேல் பாதியில் மறுபடி 2, 4. போட்டது திரும்பி வந்த சந்தோஷம் உங்களுக்கே வரும். டிஎஃப்டி என்றால் என்ன என்று இதைவிடத் தெளிவாக வேறெங்கும் நான் படிக்கவில்லை.

கடைசி அத்தியாயம் முழுக்க வேலைக்காரர்களின் குறுக்கு வழிகள். இன்டர்வியூவுக்குப் போகிறவர் அதைப் புரட்டிவிட்டுப் போகலாம். குறை என்னவென்றால், நம் 14, 16, 14, 16 மாதிரியான பரீட்சைக் கணக்குக்கு இதில் பயிற்சி கிடைக்காது. நிரூபிக்கச் சொல்லிக் கேட்டால் எழுதுவதற்கான வரிசையான நிரூபணங்களும் குறைவு. இதை மட்டும் படித்துவிட்டுத் தேர்வுக்குப் போனால், எல்லாம் புரிந்தும் பேனா ஓடாது.

இனி காசு கேட்காதவை. ஸ்டீவன் ஸ்மித் எழுதிய 'தி சயின்டிஸ்ட் அண்ட் இன்ஜினியர்ஸ் கைடு' 1997-இல் வந்தது; ஆசிரியரே தன் தளத்தில் அத்தியாயம் அத்தியாயமாக பிடிஎஃப் கொடுத்திருக்கிறார். காம்ப்ளக்ஸ் எண்களை முப்பதாம் அத்தியாயம் வரை தள்ளிப்போட்டு, அதற்கு முன்பே கன்வல்யூஷன், டிஎஃப்டி, ஃபில்டர் எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிடுகிறார். கணக்கு என்றால் கைகால் நடுங்குகிற பிள்ளைகளுக்கு இது வரம். மூவிங் ஆவரேஜ் ஃபில்டருக்கு ஒரு தனி அத்தியாயமே உண்டு. நூறு புள்ளிகளைச் சராசரி எடுத்தால் இரைச்சல் பத்தில் ஒரு பங்காகும், அதாவது வர்க்கமூலம், என்று அவர் சொல்கிற விதத்தில் அந்தச் சாதாரண ஃபில்டர் மேல் மரியாதையே வந்துவிடும். 28-ஆம் அத்தியாயம் டிஎஸ்பி சிப்புகளைப் பற்றியது. சர்க்குலர் பஃபர், ஆர்க்கிடெக்சர், ஃபிக்ஸட் பாயின்ட்டா ஃப்ளோட்டிங் பாயின்ட்டா என்று வருகிற அந்தத் தலைப்புகளை முன்பிருந்த 2017 பாடத்திட்டத்தின் ஐந்தாம் யூனிட்டோடு ஒப்பிட்டுப் பாருங்கள், சிரிப்பு வரும்.

ஒரு எச்சரிக்கை. ஸ்மித் டிஎஃப்டியை சைன், கொசைன் என்று தனித்தனியாக எழுதுவார். எட்டுப் புள்ளிக்கு ஐந்து கொசைன், ஐந்து சைன். கேள்வித்தாள் கேட்பது எட்டு காம்ப்ளக்ஸ் எண்கள். அவர் பாணியில் எழுதினால் திருத்துகிறவர் குழம்புவார், மார்க் போகும். நிரல்கள் எல்லாம் வரி எண் போட்ட பேசிக் மொழி. இந்தத் தலைமுறைக்கு அது கல்வெட்டு.

நிரல் எழுதிப் படிக்க ஆசையென்றால் ஆலன் டௌனியின் 'திங்க் டிஎஸ்பி' இருக்கிறது. பைத்தான், இலவசம், முதல் அத்தியாயத்திலேயே ஒலியைப் போட்டு ஸ்பெக்ட்ரம் பார்த்துவிடலாம். விடுமுறையில் படிக்க நல்லது, தேர்வுக்கு ஆகாது. மித்ராவின் புத்தகம் மேட்லேப் என்ற கணக்கு மென்பொருளோடு சேர்ந்து வருவது; கல்லூரி லேபில் மேட்லேப் இருந்தால் நூலகத்தில் எடுத்துப் பாருங்கள், வாங்க வேண்டியதில்லை. வீட்டில் அதன் இலவச மாற்றான ஆக்டேவ் போட்டுக்கொண்டால் பெரும்பாலான நிரல்கள் அதிலும் ஓடும். பட்டர் என்று ஒரு வார்த்தை அடித்தால் பட்டர்வொர்த் ஃபில்டர் வந்து நிற்கும்; தேர்வில் அதற்கு இரண்டு பக்கம் எழுத வேண்டும் என்பது வேறு துக்கம்.

வீடியோ பார்த்துப் படிக்கிறவர்கள், ஆப்பன்ஹைம் 1975-இல் எடுத்த வகுப்புகளையே எம்ஐடியின் தளத்தில் பார்க்கலாம். பெரும்பாலும் கரும்பலகையும் சாக்பீஸும். இலவச வீடியோ வகுப்புத் தளமான என்பிடெல்லில் ஐஐடி டெல்லி பேராசிரியர் தத்தா ராயின் வகுப்புகளும் உண்டு. எனக்கு அவர் வேகம் பிடிக்கும், அவசரப்படுகிறவர்களுக்குப் பிடிக்காது.

ஆக, அவளுக்கு நான் போட்ட கணக்கு இது. நம்மூர் புத்தகத்தின் ஆயுள் ஒரு செமஸ்டர். பாடத்திட்டம் மாறினால் அதன் யூனிட் வரிசையும் போச்சு. அதை நூலகத்தில் எடுத்துக்கொள்ளலாம், சீனியரிடம் கேட்கலாம். சொந்தக் காசு போடுவது நாலு வருஷம் கழித்தும் திறக்கிற புத்தகத்துக்கு. லயன்ஸா, ப்ரோக்கிஸா, ஆப்பன்ஹைமா? இதற்கு முந்தைய பாடமான சிக்னல்ஸ் அண்ட் சிஸ்டம்ஸே சரியாகப் புரியாமல் தட்டுத்தடுமாறி வந்தவள் என்றால் லயன்ஸ் என்றிருப்பேன். அவள் அப்படியில்லை, அதில் நல்ல மார்க் வாங்கியவள், கேட் பற்றி இன்னும் முடிவெடுக்கவில்லை. "ப்ரோக்கிஸ் வாங்கும்மா, புதுசு வேண்டாம், பழசே போதும். புரியாத இடத்துக்கு ஸ்மித்தை ஃபோன்ல வச்சுக்கோ. என்கிட்ட இருக்கற ஆப்பன்ஹைம லீவுக்கு வரும்போது எடுத்துட்டுப் போ" என்றேன்.

பழசு வாங்க சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கம் மூர் மார்க்கெட் போனாள். போவதற்கு முன் சொல்லி அனுப்பினேன்: எந்தப் பதிப்பு என்று முதல் பக்கத்தைத் திருப்பிப் பார், அட்டையை நம்பாதே, டிஎஃப்டி அத்தியாயமும் ஃபில்டர் டிசைன் அத்தியாயமும் முழுசாக இருக்கிறதா என்று பக்க எண்ணைப் பார், ஜெராக்ஸ் எடுக்கப் பிரித்ததில் கழன்று போவது அந்த இடங்கள்தான், பென்சில் எழுத்து இருந்தால் பேரம் பேசு, ஆனால் அழித்துவிடாதே.

மூன்றாம் பதிப்புதான் கிடைத்தது, 1996-இல் வந்தது. பரவாயில்லை, அவளுக்கு வேண்டியதெல்லாம் அதில் இருக்கிறது. அன்று ராத்திரியே செய்தி வந்தது. வட்டப் படத்தின் போட்டோ, பக்கத்தில் யாரோ பென்சிலில் போட்ட அம்புக்குறி, அதன் மேல் அடித்துவிட்டு எதிர்ப்பக்கம் இன்னொரு அம்புக்குறி.

"மாமா, இந்த ரெண்டாவது வட்டத்தை எந்தப் பக்கம் சுத்தணும்?"

"சுத்தாதம்மா. ஏழு நம்பரையும் எழுதிட்டு, கடைசி மூணையும் முதல் மூணு மேல மடிச்சுப் போடு."

இரண்டு நிமிஷம் பதில் இல்லை. அப்புறம் நான்கு எண்கள் வந்தன.